ஒன்பதாம் பாட்டில் டிரம்ஸ் இல்லை

என் தாய்மாமன் பாடியும் கிட்டார் வாசித்தும் நடத்திவந்த ராக் இசைக்குழுவின் மூன்றாம் இசைத்தொகுப்பே அதன் இறுதித் தொகுப்பும் ஆயிற்று. அதன் ஒன்பதாம் பாட்டில் டிரம்ஸ் ஒலி கிடையாது. துணிச்சலான புதுமை என்று அதனைப் பாராட்டி எழுதியவர்கள் உண்டு. அப்புதுமையைச் செய்தவள் நான். அப்போது எனக்கு வயது எட்டு.

அஸ்தினாபுரத்தில் ஒரு மாடிவீட்டின் பின்னறையே ஒலிப்பதிவுக் கூடம். ஓசை வெளியேறாதிருக்கச் சுவர் முழுவதும் கயிற்றுப்பாய் அறைந்திருந்தார்கள். அரையாண்டு விடுமுறை, அம்மா பணிக்குச் செல்வார். ஆகவே மாமா என்னையும் உடன் அழைத்துச் சென்றார். பதிவு நடக்கும்போது இருமக் கூடாது என்பது ஒன்றே நிபந்தனை.

மாமாவும் டிரம்ஸ் வாசித்தவரும் பள்ளிக்காலத் தோழர்கள். சில திங்களுக்கு முன், தாம்பரத்தில் ஒரு கல்லூரி விழாவில் பாட்டு இடையிலே குலைந்தது. மாமா ஒலிவாங்கியைப் பிடித்து, "டிரம்ஸ் கொஞ்சம் ஓடிடுச்சு, மன்னிச்சுக்குங்க" என்றாராம். கூட்டம் சிரித்தது. அன்று முதல் இருவருக்கும் பேச்சில்லை.

பேச்சறுந்த இருவர் ஓரறையில் இருக்க நேர்ந்தால், இடையில் ஒரு குழந்தையை நிறுத்திக்கொள்வது எங்கள் வீடுகளின் வழக்கம். என் தந்தையாரும் பெரியப்பாவும் ஓராண்டுக் காலம் என் வழியாகவே உரையாடினார்கள். ஆகவே நான் இப்பணியில் பழக்கமுள்ளவள்.

"பாப்பா, ரெண்டாவது சரணத்துல வேகம் வேணாம்னு அவர்கிட்ட சொல்லு."

கைநீட்டினால் தொடும் தொலைவில் இருந்தவர் என்னைப் பார்த்தே விடை சொல்வார். "வேகம் எனக்குத் தெரியும்னு சொல்லு பாப்பா. தெரியலைன்னா மைக்கப் புடிச்சு ஊருக்கே சொல்ல ஆள் கீதே."

பேஸ் கிட்டார் வாசித்தவர் தலையைத் தூக்காமலே, "அட்டையில பாப்பா பேரையும் போட்டுடு மச்சான். இந்தக் குழுவுல எல்லார்கிட்டயும் பேசுறது அவ ஒருத்திதான்" என்றார். இருவருமே சிரித்துவிட்டார்கள், பின்னர், சிரித்தது தவறென்பதுபோல் ஆளுக்கொரு பக்கம் திரும்பிக்கொண்டார்கள்.

அச்சிரிப்பு எனக்குத் துணிவளித்தது. சொற்களைச் சற்றே செப்பனிடத் தொடங்கினேன். பேச்சு எட்டாத பக்கத்து அறையிலிருந்து மாமா, "அவனுக்கு மண்டையில ஏறவே ஏறாதா?" என்று கேட்டனுப்பினால், "இன்னொரு தடவை வாசிக்கலாமா?" என்று கொண்டு சேர்ப்பேன். அதன் பயனாய் எட்டுப் பாட்டுகள் முடிந்தன என்று உள்ளூர இறுமாந்திருந்தேன்.

எஞ்சியது ஒன்று. "இது மட்டும் நல்லா அமைஞ்சா குழு நிக்கும்" என்று மாமா என் அம்மாவிடம் சொல்லியிருந்தார். அன்று ஆறு முறை வாசித்தும் அவருக்கு நிறைவில்லை. ஏழாம் முறைக்கு என்னைத் தூதனுப்பியபோது, டிரம்ஸ் அண்ணா குச்சிகளைக் கீழே வைத்தார். தோள்பையை எடுத்துக்கொண்டு வெளியேறினார். நான் பின்னால் ஓடினேன். மாடிப்படியில் அமர்ந்து காலணியின் கயிற்றை முடிந்துகொண்டிருந்தார். மாலை ஐந்து மணி இருக்கலாம்.

"எங்கண்ணன் வடக்க வேலை பாத்து வெச்சிருக்கான். நான் போறேன்னு உங்க மாமாகிட்ட சொல்லு. ஆறு மணி வரைக்கும் குரோம்பேட்டை ஸ்டேஷன்ல நிப்பேன்னு சொல்லு." பிறகு என் கன்னத்தைத் தட்டி, "ஒன்னும் விடாம சொல்லணும், இன்னா?" என்றார்.

உள்ளே அனைவரும் என் வாயையே பார்த்தார்கள். மாமாவின் முகத்தைக் கண்டதும், 'போறேன்' என்னும் சொல் எனக்கு எழவில்லை. "அண்ணாவுக்குக் கை வலிக்குதாம். நாளைக்குக் காலையில வந்து வாசிக்கிறாராம்" என்றேன். மாமா நெடுமூச்சு விட்டார். "சரி, அவன் கைக்கும் ஓய்வு வேணும்ல" என்றார். நேர்முகமாகச் சொன்னதுபோல் அவ்வளவு கனிவு. அன்று எனக்குப் பஜ்ஜி வாங்கிக் கொடுத்தார்.

மறுநாள் நண்பகல்வரை காத்திருந்தோம். பின்னர் மாமா அவர் வீட்டுக்குப் போய்வந்தார். முந்தின இரவே வடக்கே வண்டி ஏறிவிட்டாராம். எந்த ஊர் என்றும் வீட்டார் சொல்லவில்லையாம். மாமா என்முன் குந்தி அமர்ந்து, "அவன் வேற எதுவும் சொல்லலையா பாப்பா?" என்று கேட்டார். இல்லையென்று தலையசைத்தேன். அவர் எழுந்துபோய்த் தனிக் கிட்டாருடன் அப்பாட்டைப் பாடி முடித்தார். அதன்பின் அக்குழுவினர் ஓரிடத்தில் கூடவே இல்லை.

சினத்தோடு போகிறவரின் சொல்லை மறைப்பது நன்மையென்று நினைத்தேன். நிலையத்தைப் பற்றிய செய்தியோ பொருளற்ற உபரியாகவே பட்டது. மாமாவின் மோட்டார் சைக்கிளில் அது பத்து நிமிடத் தொலைவு. கடற்கரைக்குச் செல்லும் மின்தொடர்வண்டிகள் ஒன்றன்பின் ஒன்றாக வந்துபோகும் அந்நிலையத்தில், போக முடிவு செய்துவிட்ட ஒருவர் ஆறு மணி வரை ஏன் நிற்க வேண்டும் என்று கேட்டுப்பார்க்கும் அறிவு அன்று எனக்கு இல்லை.