றெக்கைக்குப் பேட்ச்

என் மனைவிக்கு விமானம் என்றால் நடுக்கம். சிங்கப்பூரில் மகளுக்குப் பிரசவம். விசா, டிக்கெட், பிரசவ லேகியம் எல்லாம் தயார், அவள் மட்டும் தயாரில்லை. மயிலாப்பூர் வீட்டிலேயே பறக்கவிட்டுப் பழக்கலாம் என்று, நான் வருஷக்கணக்காகக் கட்டி அழும் விமானம் ஓட்டும் கம்ப்யூட்டர் விளையாட்டின் முன் அவளை உட்கார வைத்தேன்.

விளையாட்டு ரொம்பப் பழசு. செய்த கம்பெனியே அதைக் கைகழுவிவிட்டது. புதுக் கம்ப்யூட்டரில் மீனம்பாக்கம் ரன்வே மினுக்மினுக்கென்று மறைந்தது. மெரினா கடல் தார் ஊற்றினாற்போல் இருந்தது. அவள் எழுந்து போய்விட்டாள்.

நல்லவேளை, உலகமெங்கும் என்னைப் போல வெட்டி ஆசாமிகள் இருக்கிறார்கள். இணையத்தில் கூடி, ஆளுக்கொரு கோளாறைச் சரிசெய்து, 'பேட்ச்' என்று இலவசமாகத் தருகிறார்கள். கிடைத்ததையெல்லாம் இறக்கிப் போட்டுவிட்டு, அடையாறில் இருக்கும் சக பைத்தியத்துக்குப் போன் செய்தேன்.

"ரன்வேக்குப் பேட்ச் போட்டாச்சு. இடது றெக்கைதான் பிஞ்சு பிஞ்சு தெரியறது. போலந்துல ஒருத்தர் காசு வாங்காம போட்டுத் தரேன்னிருக்கார். நாங்க கிளம்பறதுக்குள்ள வந்துடும்."

சமையலறையிலிருந்து மனைவி வந்து நின்றாள். அவளுக்குத் தெரிந்த பேட்ச், பஞ்சர் கடைக்காரர் டியூபில் ஒட்டுவது.

"ஏன்னா, ஓசில ஒட்டுப் போட்ட றெக்கையிலயா என்னை அழைச்சுண்டு போறேள்?"

விளையாட்டைத்தான் சொன்னேன் என்று விளக்கினேன். பொறுமையாகக் கேட்டுக்கொண்டாள்.

"விளையாட்டுக்கே இத்தனை ஒட்டுன்னா, நெஜத்துக்கு எத்தனை வேணும்? அதெல்லாம் ஒழுங்காப் போட்டிருப்பாளா? நான் வரலை."

பிரசவத்துக்கு அம்மா வேண்டும். பத்திய ரசம் வைக்கத் தெரியாத அப்பா போய் என்ன செய்வது? போலந்துக்காரரின் பேட்ச் வந்து, றெக்கை முழுசாகி, கடல் நீலமான பிறகும் அவள் அந்தப் பக்கம் எட்டிப் பார்க்கவில்லை.

கடைசியில் மகள் போனில் அழுததால்தான் டாக்ஸியில் ஏறினாள். விமானம் எழும்பும்போது கண்ணை மூடிக்கொண்டு என் மணிக்கட்டை நெரித்தாள். கொஞ்சம் கழித்து ஜன்னல் வழியாக இடது றெக்கையைப் பார்த்தாள். நிஜ றெக்கையில் சதுரம் சதுரமாகத் தகடு வைத்து, சுற்றிலும் ஆணி அடித்திருந்தது.

"நெறையவே போட்டிருக்கா," என்றாள் நிம்மதியாக. என் கையை விட்டுவிட்டுத் தூங்கிப்போனாள்.

நான் சிங்கப்பூர் வரும்வரை அந்தத் தகடுகளை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை.