லட்சுமி ஓடிய அரை நிமிஷம்

1964-ஆம் வருஷத்துக் காலண்டர் லட்சுமியைக் கும்பிட்ட பம்பாய்க்காரர்கள் எல்லோரும் உண்மையில் பேராச்சியைத்தான் கும்பிட்டார்கள். காட்கோபர் மளிகைக்கடையிலும் அவள்தான், அம்பர்நாத் சலூனிலும் அவள்தான். தாராவியில் காலண்டர் படம் வரைகிற ஆறுமுகநயினாருக்கு வேறு மாடல் வைக்க வக்கு ஏது? கட்டிய மனைவியையே முக்காலியில் உட்காரவைத்து, தாமரைக்குப் பதில் கையில் ஒரு வெங்காயத்தைக் கொடுத்து, "அசையாத!" என்று ஓர் அதட்டுப் போடுவார். ஏழு வருஷமாக இதே கதை.

அந்த மனிதருக்குத்தான் சினிமாப் பித்துப் பிடித்தது. கல்யாணப் பத்திரிகைக்குப் பிள்ளையார் வரைந்து கொடுக்க மாட்டுங்கா போனவர், டிராம்பே அணுசக்தி நிலையத்து ஆபீசர் வேங்கடசுப்ரமணியன் வீட்டில் ஒரு சின்ன சினிமா காமிராவைப் பார்த்துவிட்டார். அன்றிலிருந்து சோறு இறங்கவில்லை. அவர் நச்சரித்த நச்சரிப்பில் ஆபீசரே இறங்கி வந்தார்.

"ஒரே ஒரு ரோல்தான் இருக்கு, நயினார். நாலு நிமிஷம் ஓடும். பாத்து எடுங்கோ."

வீட்டுக்கு வந்து சொன்னபோது பேராச்சி கேட்டது ஒன்றே ஒன்று.

"கடை கடையா காலண்டருல அசையாம இருக்கேன். இதுலயாவது என்னைய நடக்க விடுவியளா?"

"நடக்கது என்னளா, ஓடவே விடுதேன்!"

ஞாயிற்றுக்கிழமை குழாயடியில் படப்பிடிப்பு. தெருவே கூடிவிட்டது. பேராச்சி குடத்தோடு வந்தாள். நயினார் பட்டனை அமுக்கினார். ஏழு வருஷப் பழக்கம் வாயில் வந்து விழுந்தது.

"அசையாத!"

அவள் நின்றாள். தெருவும் நின்றது. இடம் மாற்றி மாற்றி எடுத்தார், ஒவ்வொரு தடவையும் அதே அதட்டல். கடைசியில், "முடிஞ்சிட்டு!" என்று காமிராவை ஸ்டூலில் வைத்தார்.

"அப்ப நான் எப்ப நடக்க?" என்றாள் பேராச்சி.

அப்போதுதான் அவருக்கு உறைத்தது. அவள் குடத்தைத் தூக்கிக்கொண்டு துரத்த, மனிதர் பிடித்தார் ஓட்டம்.

ரோல் கழுவி வர மூன்று வாரம் ஆயிற்று. படத்தில் நடக்க விடாத கோபத்தில் அதுவரை வீட்டில் பேச்சுவார்த்தை கிடையாது. ஜெயினுலாப்தீன் பாயின் தோல் கிடங்குக்கு ஜன்னல் இல்லாததால் பட்டப்பகலிலேயே அங்கே வேட்டியைத் திரையாகக் கட்டிப் படம் போட்டார்கள். பேராச்சி கடைசி வரிசையில் உம்மென்று உட்கார்ந்தாள். திரையில் அவள் நின்றாள். நின்றாள். நின்றுகொண்டே இருந்தாள். பின்னால் ஒரு காக்கை மட்டும் பறந்தது.

"இது காலண்டருல்லா, வே!" என்றார் பாய்.

நயினாருக்கு அவமானம் தாங்கவில்லை. எழுந்து வெளியே போய்விட நினைத்தார். அந்த நேரம் படம் திடீரென்று சாய்ந்தது. ஸ்டூலில் வைத்த காமிராவின் பட்டனை அவர் விடுவிக்கவே இல்லை! கொசுவத்தைத் தூக்கிச் செருகிக்கொண்டு, கொண்டை அவிழ, வாய்விட்டுச் சிரித்தபடி பேராச்சி ஓடி வந்தாள். முன்னால் குடத்துத் தண்ணீரில் தொப்பலாக நனைந்த டைரக்டர் தலைதெறிக்க ஓடினார். கிடங்கே அதிர்ந்தது.

"ஒன்ஸ்மோர்! ஒன்ஸ்மோர்!"

ஐந்து தடவை போட்டார்கள். பேராச்சிக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தது. "ஏங்க, நான் இவ்வளவு நல்லாவா ஓடுதேன்?" என்று மூன்று வாரத்துக்குப் பிறகு முதல் வார்த்தை பேசினாள்.

பிற்பாடு நயினார் சோப்புக்கும் குடைக்கும் விளம்பரப் படங்கள் எடுத்தார். படம் வரைவதையும் விடவில்லை. ஆனால் காமிராவைத் தொடும் முன்னால் பேராச்சி பக்கத்தில் வந்து, நாலு வெற்றிலையை மடித்து அவர் வாய் கொள்ளாமல் திணித்துவிடுவாள். அதற்கு அப்புறம்தான் பட்டனை அமுக்க அனுமதி.