மலையாள எழுத்தில் என் தமிழ்ப் பாட்டு

எனக்குத் தமிழில் பேச வரும், சண்டை போட வரும், பாட வரும். வாசிக்கத்தான் எழுத்துக் கூட்ட வேண்டும். வலியசாலைத் தமிழ்த் தெருவில் பிறந்து மலையாளப் பள்ளிக்கூடத்தில் படித்தால் அப்படித்தான் ஆகும். இதில் வெட்கப்பட என்ன இருக்கிறது?

தொண்ணூறுகளில், சாலைக் கடைத்தெருவில் பாட்டுப் பட்டியல் கொடுத்தால் கேசட்டில் பதிந்து தருவார்கள். அதை நிறுத்தி நிறுத்திக் கேட்டு, அப்போதைய தமிழ் ஹிட் பாட்டுகளையெல்லாம் மலையாள எழுத்தில் நோட்டில் எழுதிவைத்தேன். எங்கள் தெருப் பெண்கள் எல்லோருமே அப்படித்தான் செய்தோம். விடுமுறைக்குத் திருநெல்வேலியிலிருந்து வந்த அத்தை பெண்கள் அதைப் பார்த்து விழுந்து விழுந்து சிரித்தார்கள். வகுப்பில் தமிழ்க்காரி என்பதால் என்னைப் பாண்டி என்று கேலி செய்த மலையாளப் பெண்களோ, அதே நோட்டைக் கெஞ்சி வாங்கிக்கொண்டு போனார்கள். ஊரில் எந்த பஸ்ஸில் ஏறினாலும் அந்தப் பாட்டுகள்தானே ஓடின.

போன மாதம் எங்கள் தெருத் தமிழர் சங்கத்தில் தொண்ணூறுகளின் பாட்டு நிகழ்ச்சி; எங்கள் பேச்சில் பரிபாடி. அடுக்களையில் மட்டுமே பாடிவந்த எனக்கு அதுதான் முதல் மேடை. ஒரு வாரமாகச் சரியாகச் சாப்பிடக்கூட இல்லை. என் முறை வந்தபோது, என்னைச் சின்ன வயதிலிருந்து தெரிந்த செயலாளர் மாமா கையிலிருந்த அந்தப் பழைய நோட்டை எட்டிப் பார்த்தார்.

"என்னடீ இது, மலையாளத்துல எழுதிண்டு வந்திருக்கே? தமிழ்ப் பரிபாடியாக்கும். வீடியோ வேற எடுக்கறா. இந்தா, தமிழ்லயே பிரிண்ட் எடுத்து வச்சிருக்கேன்."

"அது எனக்கு வேகமா வாசிக்க வராது மாமா."

"அப்போ வேற யாராவது பாடட்டும்."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "என் பாட்டை நான்தான் பாடுவேன், கேட்டேளா," என்று சொல்லிவிட்டு மேடையேறினேன். நோட்டின் எழுத்து எல்லோருக்கும் தெரியட்டும் என்று, அட்டையை மடக்கிப் பக்கத்தைக் கூட்டத்துக்கு ஒருமுறை காட்டினேன். பிறகு, மடங்கிய பக்கத்து எழுத்து கூட்டத்தைப் பார்க்கும்படி, மார்புக்கு நேரே பிடித்துக்கொண்டு பாடினேன். பல்லவி திரும்பி வந்தபோது என் வயதுப் பெண்கள் கூடவே பாடினார்கள். இரண்டாம் சரணத்தில் அவர்களெல்லாம் வரி தெரியாமல் நிறுத்திவிட்டார்கள். எனக்கு ஒரு சொல் பிசகவில்லை. கர்வமாக இருந்தது.

இறங்கியதும் மாமா வந்தார்.

"ஜோராப் பாடினே. நோட்டு தெரியற இடத்தை மட்டும் வீடியோலேர்ந்து வெட்டிடச் சொல்றேன்."

"முதல் வரிலேர்ந்து கடைசி வரைக்கும் நான் அதைக் கீழே இறக்கவே இல்லை மாமா. வெட்டினா பாட்டே மிஞ்சாது."