திருநீறு இல்லாத முதலாளி

துணை நடிகனின் தொழில், கதாநாயகன் அழும்போது பின்னால் நின்று அளவாக அழுவது. அளவு கூடினால் வெட்டிவிடுவார்கள். ஒற்றை வசனத்துக்காகப் பகல் முழுக்க மேக்கப்போடு காத்திருந்த சகபாடிகளே, உங்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை.

மரக்கறிக் கடையில்

சிங்களத் தொலைக்காட்சி நாடகங்களில் எனக்கு நிரந்தரமாக ஒரு பாத்திரம் உண்டு: தமிழ்க் கடை முதலாளி. நெற்றியில் மூன்று பட்டைத் திருநீறு, வாயில் உடைந்த சிங்களம். திருநீறு பவுடர், உடைந்த சிங்களமும் ஒப்பனைதான். நான் கொழும்பு கொட்டாஞ்சேனையில் சிங்களத்தில் சண்டை பிடித்து, சிங்களத்திலேயே சமாதானமாகி வளர்ந்தவன். சிங்கள நாவல்களை அடிக்கோடிட்டுப் படிப்பவன். அந்த மொழியை உடைக்க வீட்டில் ஒத்திகை பார்க்க வேண்டியிருந்தது.

ஒருநாள் வெள்ளவத்தைச் சந்தையில் மரக்கறி விற்கும் சிங்களப் பெண்ணிடம், அந்த நாடக முதலாளி நான்தான் என்று அவள் கேட்காமலே என் சிங்களத்தில் சொன்னேன். என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டுச் சிங்களத்தில் சொன்னாள்: "சும்மா போங்கோ மாத்தயா, அந்த ஆள் தமிழ். அவருக்கு இப்பிடிச் சிங்களம் வராது."

அடுத்த கதிரை

அந்தச் சொல் உறுத்திக்கொண்டே இருந்தது. அடுத்த நாடகத்தில் பாமன்கடைப் பகுதியில் பாமசி, அதாவது மருந்துக்கடை, வைத்திருக்கும் சிவநேசனாக நடிக்கக் கூப்பிட்டார்கள். இம்முறை திருநீறும் வேண்டாம், உடைந்த சிங்களமும் வேண்டாம் என்றேன். "அங்கிள், பிறகு நீங்க தமிழர் எண்டு ஆக்களுக்கு எப்பிடி விளங்கும்?" என்றார் இளம் இயக்குநர். சிவநேசன் என்ற பெயரிலும் விளங்காதவர்களுக்கு என் நெற்றி என்ன செய்யும் என்று கேட்டேன். ஒரேயொரு தடவை என் விருப்பப்படி எடுத்துப் பார்ப்பது, சரிவராவிட்டால் பாத்திரம் கைமாறும் என்று முடிவாயிற்று.

கைமாற வேண்டியவர் அடுத்த கதிரையிலேயே தயாராக இருந்தார். எனக்கு நீண்டகால நண்பர். காதருகே குனிந்து அன்போடு சொன்னார்: "அண்ணை, அவசரமில்லை, ஆறுதலா வேண்டாமெண்டு சொல்லுங்கோ. நான் பட்டை பூசிக்கொண்டுதான் வந்தனான்."

வெளிச்சம் பிடிப்பவர்

காட்சி சின்னது. காய்ச்சல்காரப் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு ஒரு தகப்பன் மருந்து கேட்டு வருகிறான். பிள்ளையைத் தொட்டுப் பார்த்த சிவநேசன், மருந்து தராமல், உடனே களுபோவில ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகச் சொல்ல வேண்டும். நான் தெருவில், சந்தையில் பேசுகிற சிங்களத்தில் சொன்னேன்.

இயக்குநர் "கட்" என்றார். வெளிச்சம் பிடிக்கும் சிங்களவர் எங்கள் முகங்களில் நிழலை மட்டுமே பார்ப்பவர். அவர் இறங்கி வந்து இயக்குநரிடம் சொன்னார்: "எங்கட சந்திப் பாமசியிலயும் ஒரு தமிழ் மாத்தயா இருக்கிறார். இப்பிடித்தான் கதைப்பார்." பாத்திரம் என்னிடமே தங்கியது. நண்பர் முகம் கழுவப் போனார்.

லிஃப்டில்

நாடகம் ஒளிபரப்பான மறுநாள், எங்கள் மாடிக் குடியிருப்பு லிஃப்டில் மேல்வீட்டு அன்ரி என் கையைப் பிடித்துக்கொண்டார். கண் கலங்கியிருந்தது. "தம்பி, அந்தப் பிள்ளையைத் தொட்டுப் பாத்தீங்களே, நான் அழுதிட்டன். ஆனா ஏன் உங்களைச் சிங்கள ஆளாப் போட்டவங்கள்?"

சந்தையில் தமிழனில்லை என்றும் லிஃப்டில் சிங்களவன் என்றும் நம்பவைப்பதுதான் நடிப்பென்றால், கொஞ்சமும் நடிக்காமலே அதைச் சாதித்த ஒரே துணை நடிகன் நான்தான் என்று மிகுந்த அடக்கத்தோடு அறிவித்துக்கொள்கிறேன்.