அம்மா அழுத காலை

எலும்பு முறிவுப் பிரிவில் அவளுக்கு மாவுக்கட்டு அக்கா என்றுதான் பெயர். சொந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் அவளே திரும்பிப் பார்ப்பாளோ என்னவோ. டாக்டர் எலும்பை இழுத்து நேராக வைப்பார். ஈரமான மாவுக்கட்டுச் சுருளைச் சுற்றிக் கட்டி, அது இறுகும்வரை கையைத் தாங்கிப் பிடித்துக்கொண்டிருப்பது அவள் வேலை. அந்த நேரத்தில் ஆட்கள் வாய் திறப்பார்கள். "படியில வழுக்கிட்டேன்" என்பார்கள், அதிலும் பெண்கள். வழுக்கி விழுந்த கை எது, யாரோ பிடித்து முறுக்கிய கை எது என்று அவளுக்குத் தெரியாதா? ஒரு வார்த்தை கேட்டுப் பார்ப்பாள். படிதான் என்று சாதிப்பார்கள். யார் மேல் என்று சொல்லத் தெரியாத எரிச்சலோடுதான் தினமும் வீட்டுக்கு வருவாள்.

அவள் கல்யாணம் செய்துகொள்ளவில்லை. அம்மாவைப் பார்த்துக்கொண்டாள், தம்பியைப் படிக்க வைத்தாள். அவன் இயற்பியலில் பெரிய ஆளாகிவிட்டான். விளைவு முதலில் வந்துவிடும், காரணம் பிறகுதான் வந்து சேரும் என்பது அவனுடைய கோட்பாடு. ஒரு துகளை இன்னொன்றால் அடித்தால், அடி விழுவதற்குக் கொஞ்சம் முன்னாலேயே அது நடுங்கிவிடுகிறதாம். அவளுக்கு அது தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை. ஆனால் பேப்பரில் தம்பியின் படம் வந்தால் வார்டு முழுக்கக் காட்டாமல் விடமாட்டாள்.

ஒரு மதியம் மருந்து கொடுப்பவர் போனை நீட்டிக்கொண்டு வந்தார். "அக்கா, உங்க தம்பி பேச்சு. என்னைக் கண் கலங்க வச்சுட்டாரு."

மேடையில் தம்பி நின்றிருந்தான். "எனக்கு அப்போது ஆறு வயது. ஒருநாள் காலை என் அம்மா அழுதுகொண்டிருந்தார். ஏன் என்று யாருக்கும் தெரியாது. அவருக்கே தெரியாது. மதியம் அப்பா இறந்த செய்தி வந்தது. துக்கம் முதலில் வந்தது, சாவு பிறகு வந்தது. இந்தக் கோட்பாடு அன்றைக்கே என் மனதில் விழுந்துவிட்டது."

அரங்கம் எழுந்து நின்று கை தட்டியது. வாளியில் ஊறிய சுருள் கல்லாகிவிட்டதை அவள் கவனிக்கவே இல்லை.

யாருக்கும் தெரியாதாமே! அவளுக்குப் பன்னிரண்டு வயது அப்போது. லாரி மெக்கானிக்கான அப்பா, சட்டையில் ஒரு பட்டன் இல்லை என்று அம்மாவைச் சுவரோடு சாய்த்து மாறி மாறி அறைந்துவிட்டுப் பட்டறைக்குப் போனார். அம்மா துவைக்கிற கல்லில் உட்கார்ந்து அழுதாள். தம்பி கட்டிலுக்கடியில் சுருண்டு கிடந்தான். மதியம் ஜாக்கி நழுவி லாரி அப்பா மேல் இறங்கியது. அதற்கும் இதற்கும் என்ன சம்பந்தம்?

சாயங்காலம் செருப்பைக்கூடக் கழற்றாமல் அம்மாவிடம் போய் நின்றாள். அம்மா வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தாள்.

"நானும் பார்த்தேன்டி. பக்கத்து வீட்டுப் பொண்ணு காட்டுச்சு. நல்லாத்தானே பேசுறான்?"

"பொய்ம்மா அது!"

"இருந்துட்டுப் போகட்டுமே. அடி வாங்கி அழுதேன்னு சொன்னா எவன் கை தட்டுவான்? இப்போ தெருவுல எல்லாரும் நின்னு பேசுறாங்க."

"ஒரு பட்டனுக்காக உன்னைப் போட்டு அடிச்ச மனுஷன்..."

அம்மாவின் கத்தி நின்றது. "பட்டனுக்காடி அடிச்சார்? அடிச்சு முடிச்ச பிறகுதான் பட்டன் இல்லாததையே பார்த்தார்."

சொல்லிவிட்டு அடுத்த வெங்காயத்தை எடுத்தாள். அன்று மகள் சாப்பிடவில்லை.

ஞாயிற்றுக்கிழமை தம்பி வந்தான். அம்மா குளிக்கப் போன சமயம் பார்த்து அவனை மாடிப்படிக்கு இழுத்துக்கொண்டு போனாள்.

"அம்மா ஏன் அழுதாங்கன்னு உனக்குத் தெரியாதாடா?"

அவன் கண்ணாடியைத் துடைத்தான். அது சுத்தமாகத்தான் இருந்தது. "சமன்பாடு அந்தக் கதையை நம்பி இல்லக்கா. ஜனங்களுக்குப் புரியணும்னு சொல்றது."

"கட்டிலுக்கடியில யார் கிடந்தது? நான்தானா?"

அவன் குரல் இறங்கியது. "அப்பா செருப்புச் சத்தம் தெருமுனையில கேட்டாலே எனக்கு உடம்பு நடுங்கும். அடி அப்புறம்தான் விழும். துகள் முன்னாடியே நடுங்குதுன்னு முதல்முதலா பார்த்தப்போ எனக்கு ஆச்சரியமே வரலக்கா."

இதைக் கேட்டு அவள் மனம் இளகியிருக்க வேண்டும். இளகத்தான் செய்தது. ஆனால் கோபம் அதைத் தள்ளிக்கொண்டு முன்னால் வந்தது.

"உன் துகள் எதுக்கு வேணா நடுங்கட்டும். நீ நடுங்கினது நாளைக்கு விழப்போற அடிக்கு இல்லடா, நேத்து விழுந்த அடிக்கு. மேடையில அதைச் சொல்லேன்!"

"அதை எப்படிக்கா சொல்றது?"

"அப்போ அம்மாவை இழுக்காதே."

சரி என்று தலையாட்டினான். அடுத்த மாதம் இந்த ஊர் அரங்கத்திலேயே பேச வந்தான். அம்மாவை முதல் வரிசையில் உட்கார வைத்திருந்தார்கள். பேச்சு பாதியைத் தாண்டும்போது, "எனக்கு அப்போது ஆறு வயது" என்று ஆரம்பித்தான்.

கேள்வி நேரத்தில், பின்வரிசையில் இருந்த அக்கா எழுந்து மைக்கை வாங்கினாள்.

"நான் இவரோட அக்கா. எங்கம்மா அன்னிக்கு அழுததுக்குக் காரணம் மதியம் வரல. காலையிலேயே வந்துச்சு. எங்கப்பா அவங்களை அடிச்சாரு. கன்னம் வீங்கிப்போய் உட்கார்ந்திருந்தாங்க. எனக்கும் தெரியும், இவருக்கும் தெரியும்."

தம்பி தண்ணீர் குடித்தான். அவளைப் பார்க்காமல், "அடுத்த கேள்வி" என்றான்.

அவள் வெளியே வந்து, வாசல் தூண் ஒன்றை ஓங்கி உதைத்துக் கால் விரலைப் பெயர்த்துக்கொண்டதுதான் மிச்சம்.

அம்மா அவளோடு பேசுவதை நிறுத்தினாள். பெட்டியைக் கட்டிக்கொண்டு மகன் வீட்டுக்குப் போனவள், ஒரு மழைக்காலம் முழுக்க அங்கேயே இருந்தாள். தம்பி அந்தக் கதையைச் சொல்வதை விட்டுவிட்டான். இப்போது ஏதோ குளத்தில் எறிந்த கல்லைப் பற்றிச் சொல்கிறானாம். மருந்து கொடுப்பவர் வந்து, "அப்புறமென்னக்கா, உங்க பேச்சைக் கேட்டுட்டாரே" என்றார்.

"எங்கே கேட்டான்? பொய்யை எடுத்தான். உண்மையை அந்த இடத்துல வச்சானா?" என்று அவர் மேல் எரிந்து விழுந்தாள். பாவம், அவர் என்ன செய்வார்.

மழை விட்டதும் அம்மா திரும்பி வந்தாள். அரங்கத்தைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. ஒருநாள் கேட் பக்கம் பேச்சுக்குரல் கேட்டது. தெருவுக்குப் புதிதாகக் குடிவந்த பெண்மணி ஒருத்தி நின்றிருந்தாள். "வீட்டுக்காரர் போகப்போறது உங்களுக்கு முன்கூட்டியே தெரிஞ்சுதாமே?" என்று குழைந்தாள்.

உள்ளே மகள் துணி மடிப்பதை நிறுத்திவிட்டுக் காதைத் தீட்டிக்கொண்டாள்.

"ஒண்ணும் தெரியல" என்றாள் அம்மா. "கன்னம் வலிச்சுது, அழுதேன்."

கேட் சாத்துகிற சத்தம் கேட்டது. உள்ளே வந்த அம்மா, மகள் முகத்தைப் பார்த்து, "என்னத்தைடி முழிக்கிறே? துணியை மடி" என்றாள். குரலில் காரம் குறையவே இல்லை.