நகர்ந்து கொடுத்த எட்டு வரி

மும்பை லோக்கல் ரயிலில் மூன்று பேருக்கான பலகையில் நான்கு பேர் உட்காருவார்கள். சட்டத்தில் இல்லை, வழக்கத்தில் உண்டு. நிற்பவர் வாய் திறந்து எதுவும் கேட்கமாட்டார். விரல்களைச் சேர்த்து உள்ளங்கையை ஒருமுறை பக்கவாட்டில் அசைப்பார், இலையோரம் கிடக்கும் பருக்கையைத் தள்ளுவதுபோல. உடனே மூன்று இடுப்புகள் ஜன்னலை நோக்கி நெருங்கும். விளிம்பில் ஒரு சாண் பலகை பிறக்கும். அதுதான் நாலாவது சீட். அதில் உட்காருபவரின் உடம்பில் பாதி சீட்டில் இருக்கும், மீதியை நடைவழியில் ஊன்றிய அவர் காலே தாங்கிக்கொள்ள வேண்டும். வள்ளியூரிலிருந்து வந்து இறங்கிய முதல் வாரம் எனக்கு இது தெரியாது. ஒருவர் என்முன் வந்து கையை அசைத்தார். எழுந்திரு என்கிறார் என்று நினைத்து எழுந்துவிட்டேன். அவர் திகைத்துப்போய் இந்தியில் ஏதோ சொன்னார். அப்போது எனக்கு இந்தி தெரியாது. முகம் சுட, வாசல் பக்கம் போய்க் கம்பியைப் பிடித்துக்கொண்டேன். இருபத்திரண்டு வருடமாகிறது. ஊரில் யாரிடமும் இதைச் சொன்னதில்லை. இப்போது ஒரு பாட்டு சொல்ல வைத்துவிட்டது.

பாட்டுக்காரர்கள் இருவர். தாராவியில் பிறந்து வளர்ந்த இசக்கி ஏசி மெக்கானிக். மாட்டுங்காவின் பாலக்காட்டுக் குடும்பத்துப் பெண் வைதேகி, எங்கள் அலுவலகத்தில் எனக்கு மூன்று மேசை தள்ளி உட்காருகிறாள். போன கோடையில் எங்கள் மாடியில் ஏசி நின்றது. இசக்கி ஏணி போட்டு ஏறி, கூரையோரம் ஓடும் தகரக் குழாயை எங்கே அடைப்பு என்று தட்டித் தட்டிப் பார்த்துக்கொண்டிருந்தான். கீழே வைதேகி, வியர்வையைப் பற்றியும் மேனேஜரைப் பற்றியும் இந்தியும் தமிழுமாக ஏதோ முணுமுணுத்தாள். மேலே தட்டல் மாறியது. அவள் முணுமுணுப்புக்கு அது தாளமாக ஒட்டிக்கொண்டது. அவள் வேகம் கூட்டினாள், அவனும் கூட்டினான். அவள் சட்டென்று நிறுத்தியதும் குழாயும் நின்றது. "அரே, மேல யாருடா அது?" என்று கேட்டாள். "கம்ப்ளெய்ண்ட் பாக்க வந்திருக்கேன் மேடம். ஏசி ரெண்டு டன்னு," என்று மேலிருந்து குரல் வந்தது. அவர்களுடைய குழுவுக்கு இன்றைக்கும் அதுதான் பெயர்: ரெண்டு டன். ஆளுக்கு ஒன்று.

எட்டு மாதத்தில் இருவரும் சேர்ந்து முதல் ஆல்பத்தை முடித்தார்கள். ஏழு ராப் பாட்டு. ஒலிப்பதிவுக் கூடம் இசக்கி வீட்டு மாடியில் இருக்கிறது. மாடி என்றால் இரும்பு ஏணியில் ஏறிக் குனிந்தே நிற்கவேண்டிய பத்தடி அறை. மூடிப்போன ஐஸ்கிரீம் கிடங்கொன்றின் குளிர்ப் பலகைகளைக் கழற்றிவந்து உள்ளே பெட்டி மாதிரி அடைத்திருந்தான். குளிரை வெளியே விடாத பலகை சத்தத்தை உள்ளே விடாது என்பது அவன் கணக்கு. அது பலித்தது. கீழே பெல்ட் வெட்டும் இயந்திரம், எதிரே வடை போடும் சட்டி, சந்தில் பத்து வீட்டு டிவி, கதவைச் சாத்தினால் அத்தனையும் அணைந்தது. ஆனால் ஏசி போட்டால் மைக்கில் இரைச்சல் ஏறும். ஊருக்கெல்லாம் குளிர் கொடுப்பவன் தன் பாட்டை வேட்டியால் வியர்வை துடைத்தபடிதான் பாடினான்.

நான் கவிதை எழுதுகிறவன். முப்பது வருடமாக வரிகளுக்கு நடுவில் வெற்றிடம் விட்டுப் பழகியவன். இவர்கள் வெற்றிடமே விடவில்லை என்பதுதான் முதலில் என்னைச் சீண்டியது. மூன்றாவது பாட்டில் வெறும் சவடால்தான், அதை இப்போதும் பிடிக்கவில்லை. மற்ற ஆறும் அப்படியல்ல. அவன் திருநெல்வேலித் தமிழில் ஆரம்பித்த வாக்கியத்தை அவள் பம்பாய் இந்தியில் முடிக்கிறாள். அவள் பாலக்காட்டு இழுவையில் ஒரு சொல்லை நீட்ட, அதன் முதுகில் ஏறி இவன் அடுத்த வரிக்குக் குதிக்கிறான். அவளுக்குத் தமிழ் எழுத்து எழுத்தாகத்தான் வாசிக்க வரும். அவனுக்கும் பெரிதாக வராது. மொழியைப் புத்தகத்தில் சந்திக்காதவர்கள் அதை எவ்வளவு தைரியமாகத் தோளில் தட்டுகிறார்கள் என்று பொறாமையாக இருந்தது. நான் ஊரைவிட்டு வந்தபோது தமிழை மடித்துப் பெட்டியில் வைத்துக்கொண்டு வந்தேன், கசங்கிவிடக்கூடாதே என்று. இவர்கள் அதை உடுத்திக்கொண்டு கூட்டத்தில் ஏறியிருக்கிறார்கள். கசங்கியிருக்கிறது. வாசமும் இருக்கிறது.

ஆல்பத்தின் பெயர் நாலாவது சீட். கடைசிப் பாட்டுக்கும் அதே பெயர். அது இசக்கியின் அப்பா சுடலைமுத்துவின் கதை. ஊரிலிருந்து வந்த மூன்றாவது வாரம், தாணேயில் வேலைக்குப் போகும் வழியில், ரயில் வாசலில் நின்றிருந்தவர் விழுந்து இடது காலை முழங்காலுக்குக் கீழே இழந்தார். அதன்பிறகு முப்பது வருடமாக வீட்டிலேயே பெல்ட் வெட்டுகிறார். உட்கார இடம் கிடைக்காததால்தான் அப்பா வாசலில் நின்றார் என்று கேட்டே வளர்ந்தவன் இசக்கி. அந்தக் கோபம்தான் பாட்டில் அவனுடைய பங்கு:

எடம் கேட்டா ஊரு கதவக் காட்டுச்சு
கதவுல நின்ன காலத் தண்டவாளம் கேட்டுச்சு

வைதேகியின் பதினாறு வரி பெண்கள் பெட்டியிலிருந்து வருகிறது:

மூணு பேருக்குப் பலகை, நாலு பேருக்கு வழக்கம்
பாதி உடம்பு காத்துல, இதுக்குப் பேரு பழக்கம்

வெளியிடுவதற்கு முந்தின ஞாயிற்றுக்கிழமை, அப்பா கேட்காமல் அந்தப் பாட்டு போகக்கூடாது என்றான் இசக்கி. "நீங்களும் வாங்க சார். ஒத்தையில போட்டுக் காட்ட எனக்குத் தைரியம் இல்ல," என்றான். திலக் நகரில் இருக்கும் என் வீட்டிலிருந்து தாராவிக்குப் போனேன். மதியச் சாப்பாடு முடிந்திருந்தது. சுடலைமுத்து இயந்திரத்தை நிறுத்திவிட்டு, செயற்கைக் காலை நீட்டி உட்கார்ந்திருந்தார். மகன் அவர் காதில் ஹெட்போனை மாட்டினான். முன்பே வந்திருந்த வைதேகியோடு சேர்த்து நாங்கள் மூவரும் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தோம். விரலால் முழங்காலில் தாளம் போட்டார். பாட்டின் நடுவில் விரல் நின்றது. முடிந்ததும் ஹெட்போனைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார்.

"பாட்டு நல்லாருக்குல. ஆனா நடந்தது இது இல்ல."

"என்னப்பா சொல்லுதிய?"

"எனக்கு எடம் கெடச்சுது. மூணாவது ஆளா உக்காந்திருந்தேன். ஒருத்தன் வந்து கைய இப்படி அசைச்சான். எந்திரிங்கான்னு நெனச்சு எந்திரிச்சிட்டேன். அவன் என்னமோ சொன்னான், எனக்கு வெளங்கல. வாசல்ல போய் நின்னேன். நாலு வருசம் கழிச்சுத்தான் தெரியும், அவன் எந்திரிக்கச் சொல்லலன்னு."

"எடம் இல்லன்னுதான சொன்னிய?"

"அது ஒங்கம்மை சொன்னா. நான் சும்மா இருந்தேன்."

"முப்பது வருசமாவா?"

"என்னன்னுல சொல்லச் சொல்லுத? கால் போனதவிட இதுல்லா கேவலமா இருந்துச்சு."

இசக்கி போனைக் கையில் எடுத்தான். "அப்ப இது பொய்யி. இந்தப் பாட்ட எடுத்திருதேன்." அதை எடுத்தால் ஆல்பத்துக்குப் பெயர் இல்லை, மற்ற ஆறு பாட்டும் போய்ச் சேர ஊர் இல்லை. அவன் குரலில் இருந்தது பாட்டு போன துக்கம் மட்டுமல்ல. அப்பாவுக்கு இடம் கொடுக்கவில்லை என்று சின்ன வயதிலிருந்து எந்த ஊர்மேல் கோபப்பட்டானோ அந்த ஊர் உண்மையில் அவருக்குப் பக்கத்தில் உட்கார ஒரு சாண் இடம்தான் கேட்டிருக்கிறது. அந்தக் கோபத்தை இனி எங்கே வைப்பது?

"அண்ணாச்சி, நானும் எந்திரிச்சிருக்கேன்," என்றேன். "இதே மாதிரித்தான். முதல் வாரம். வாசல்லதான் போய் நின்னேன்." சுடலைமுத்து என்னைக் காலிலிருந்து தலைவரை பார்த்தார். என் கால்களில் பார்வை கொஞ்சம் கூடுதலாக நின்றது. பிறகு சிரித்தார். "அப்ப நீரும் நம்மள மாதிரி கூமுட்டதானா?"

வைதேகி தரையில் நகர்ந்து அவர் அருகே வந்தாள். "அங்கிள், இப்ப சொன்னேளே, அதை அப்படியே மைக்குல சொல்றேளா? இவனோட வெர்ஸ் முடிஞ்சதும் என்னோடது பதினாறு வரி வரும். எட்டு நான் நகர்ந்துக்கறேன். நீங்க உக்காருங்கோ."

"அது ஒன்னோட பெஸ்ட் வெர்ஸ்," என்றான் இசக்கி.

"தெரியும்டா. அதான் கொஞ்சம் வலிக்கறது. ஆனா நகர்றதுன்னா முழுசா எழுந்துக்கணுமா என்ன? எட்டு போறும் எனக்கு."

"நான் பாடுனது பொய்யில்லா?"

"நீ கேட்டு வளந்ததைப் பாடினே. அதுவும் இருக்கட்டும். பின்னாடியே அவர் வந்து சொல்லட்டும்."

இரும்பு ஏணியில் அவரை ஏற்றுவதற்குள் எங்கள் நால்வருக்கும் மூச்சு வாங்கிவிட்டது. பெட்டிக்குள் ஒரு ஸ்டூல்தான் இருந்தது. அதில் அவரை உட்காரவைத்து இசக்கி மைக்கைத் தாழ்த்தினான். பெல்ட்டுக்கு அளவு சொல்வதுபோல, ஏற்ற இறக்கம் இல்லாமல் சொன்னார்: "கைய அசைச்சான். எந்திரின்னு நெனச்சேன். எந்திரிச்சிட்டேன்." ஒரே தடவை. இன்னொருமுறை சொல்லச் சொல்லி யாரும் கேட்கவில்லை. அந்தக் குரல் முடிந்ததும் தாளம் நின்றுவிடுகிறது. ஒரு ரயில் கடந்துபோகும் நேரம் அளவுக்கு எதுவும் இல்லை. பிறகு வைதேகியின் மிச்ச எட்டு வரி மெதுவாக வந்து அமர்கிறது. வெற்றிடம் விடத் தெரியாதவர்கள் என்று நான் நினைத்தவர்கள் அதை எங்கே விட வேண்டும் என்று எனக்குக் காட்டினார்கள். என் முப்பது வருடக் கவிதைகளில் அந்த இடைவெளிக்கு ஈடாக ஒன்றைத் தேடிப் பார்த்தேன். கிடைக்கவில்லை.

சென்ற மாதம் ஊருக்குப் போயிருந்தேன். திருநெல்வேலியிலிருந்து வள்ளியூருக்குப் பஸ். இரண்டு பேர் சீட்டில் ஜன்னலோரம் ஒருவர், பக்கத்தில் நான். காதில் அந்தக் கடைசிப் பாட்டு. நாங்குநேரியில் என் வயதுள்ள ஒருவர் ஏறி, கம்பியைப் பிடித்துக்கொண்டு என் அருகே நின்றார். என் இடுப்பு என்னைக் கேட்காமலே ஜன்னல் பக்கம் நெருங்கியது. கை தானாக எழுந்து, விளிம்பில் பிறந்த ஒரு சாண் இடத்தைக் காட்டி அசைந்தது. ஜன்னலோரக்காரர் என்னை முறைத்தார். நின்றவர் குனிந்து, "எறங்கப் போறியளா?" என்று கேட்டார்.

"இல்ல. நீங்க உக்காருங்க."

"ரெண்டு பேரு சீட்டுலயா? நீங்க நல்லா உக்காருங்க அண்ணாச்சி," என்று சொல்லிவிட்டு, கொஞ்சம் கூச்சத்தோடு படிக்கட்டுப் பக்கம் நகர்ந்து நின்றுகொண்டார். காதில் சுடலைமுத்து எழுந்துகொண்டிருந்தார். வள்ளியூர் வரும்வரை அந்த ஒரு சாண் காலியாகவே இருந்தது. நான் பழைய இடத்துக்குத் திரும்பி அதை மூடவில்லை.