ஒரே அமுக்கு

ஸ்ரீவில்லிபுத்தூர் கணினி மையம் ஒன்றில் ரெனிட்டா பாடம் நடத்தியது இரண்டே வருடம்தான். மையத்தை மூடிவிட்டார்கள், ‘டீச்சர்’ என்ற பேர் மட்டும் ஒட்டிக்கொண்டது. அதற்குப் பிறகு ஸ்கூட்டியில் சுற்றி, ராஜபாளையம் வரைக்கும் உள்ள ஸ்டுடியோக்களுக்கும் ஜெராக்ஸ் கடைகளுக்கும் சாஃப்ட்வேர் போட்டுக்கொடுப்பதே பிழைப்பு. பத்து சாஃப்ட்வேரையும் ஒரே கட்டாகக் கட்டி பென்டிரைவில் வைத்திருந்தாள். ஒரே அமுக்கு, அரை மணியில் எல்லாம் ஏறிவிடும். அதில் அவளுக்குக் கொஞ்சம் கர்வமும் உண்டு. அப்படிக் கட்டித்தரும் கருவி சாஃப்ட்வேரை மட்டும், அதைச் செய்த கம்பெனியிடம் வாங்காமல், யாரோ முகம் தெரியாதவன் இணையத்தில் ஓசியில் போட்டிருந்ததை இறக்கியிருந்தாள். தானமாக வந்த மாட்டைப் பல்லைப் பிடித்துப் பார்ப்பானேன் என்று நினைத்துவிட்டாள்.

ஏற்றுமுன் ஆன்டிவைரஸை அணைப்பாள். “அது சும்மா கத்தும். பொறவு திரையில எச்சரிக்கைன்னு செவப்புப் பெட்டி வந்தாலும் கண்டுக்கிடாதீங்க” என்று கடைக்காரர்களுக்கும் சொல்லிக்கொடுத்திருந்தாள்.

போன வாரம் ராஜபாளையத்தில் காளிராஜ் ஸ்டுடியோவில் கம்ப்யூட்டரிலிருந்த படங்களெல்லாம் திறக்க முடியாதபடி பூட்டிக்கொண்டன. திறக்கப் பணம் கேட்டுத் திரையில் ஒரு கடிதம். முத்துப்பேச்சி என்ற வாடிக்கையாளரின் மகள் கல்யாணப் படங்கள் மொத்தமும் அதற்குள் மாட்டிக்கொண்டன. கேமரா கார்டையோ ஏற்கெனவே அழித்தாகிவிட்டது. ரெனிட்டா பூட்டிய படங்களைத் தனியே எடுத்துவைத்துவிட்டு, கம்ப்யூட்டரைச் சுத்தமாகத் துடைத்து, பென்டிரைவிலிருந்த தன் கட்டையே மறுபடி ஏற்றினாள். மறுநாளே புதிதாக எடுத்த படங்களும் பூட்டிக்கொண்டன.

“கரண்டு கோளாறா இருக்குமோ டீச்சர்?” என்றார் காளிராஜ்.

அவளுக்கும் ஒன்றும் ஓடவில்லை. நெட் வழியாக வருகிறதா, வந்துபோன எவனுடைய பென்டிரைவிலாவது இருந்ததா? கண்ணைக் கட்டிக் காட்டில் விட்டது போலிருந்தது.

இரண்டாம் முறை துடைத்தபோது, அந்தக் குழப்பத்தில் ஆன்டிவைரஸை அணைக்க மறந்துபோனாள். பென்டிரைவைச் செருகியதும் சிவப்புப் பெட்டி வந்தது. பழக்கதோஷத்தில் கை அதை மூடப் போனது. பெட்டிக்குள் அவள் கட்டின் பேர் இருந்தது. சும்மா கத்துகிறதோ என்று, அந்தக் கருவியில் வெறும் எழுத்துக் கோப்பு ஒன்றை மட்டும் வைத்துக் கட்டிப் பார்த்தாள். அதற்கும் சிவப்பு. அப்படியானால் வைரஸ் அந்த ஓசிக் கருவியிலேயேதான் இருந்திருக்கிறது.

“என்ன டீச்சர்?”

“நாந்தான் அண்ணாச்சி,” என்றாள். “ஒவ்வொரு தடவயும் நாந்தான் கொண்டாந்து போட்டிருக்கேன்.”

  அதே கட்டை ஏற்றிக்கொடுத்திருந்த வன்னியம்பட்டி ஜெராக்ஸ் கடைக்கு உடனே போன் போட்டாள்.

“சுந்தரம்மாக்கா, கம்ப்யூட்டர உடனே அணைங்க. செவப்புப் பெட்டி ஏதும் வந்துச்சா?”

“அது ரெண்டு மாசமா தெனமும் வருதே டீச்சர்,” என்றாள் சுந்தரம்மாள். “நீங்க சொன்ன மாதிரியே நான் ஒருநா கூடக் கண்டுக்கிடல.”